கிருமியைக் காணும் முன்பே கிணற்றை மூடிய ஊர்



ஒரு டம்ளர் தண்ணீரில் இரண்டு ஸ்பூன் சர்க்கரையைக் கரையுங்கள். கண் துளைத்த தேங்காய்ச் சிரட்டையில் துணித்துண்டு ஒன்றை விரித்து, கழுவிய மணலை நிரப்பி, அதன் வழியே அந்தத் தண்ணீரை வடியவிடுங்கள். வடிந்த நீரில் நாலைந்து சொட்டு எடுத்து எறும்பு ஊரும் இடத்தில் விட்டுப் பாருங்கள். சற்று நேரத்தில் எறும்பு மொய்க்கும்! மணல் தூசியைப் பிடித்துக்கொள்ளும், கரைந்த சர்க்கரையை விட்டுவிடும். தெளிந்த நீரெல்லாம் வெறும் நீர் அல்ல என்பது எறும்புக்குத் தெரிகிறது, நம் கண்ணுக்குத் தெரிவதில்லை.

இங்கிலாந்தின் பர்மிங்காம் நகரத்துக் கிணறுகளின் கதையும் இதுதான். நெருக்கமான வீடுகளின் முற்றத்தில் கிணறு இருக்கும். பக்கத்திலேயே கழிவறைக் குழியும் இருக்கும். குழி நீர் மண்ணில் ஊறிக் கிணற்றில் கசிந்தது. ஏழைகள் அந்த நீரைத்தான் குடித்தார்கள்.

1854இல், 18 வயதில், திருகாணித் தொழிற்சாலையில் வேலை பார்க்க அந்த ஊருக்கு வந்தார் ஜோசப் சேம்பர்லின். அதே ஆண்டில் லண்டனில் காலரா பரவியது. இறந்தவர்களின் வீடுகளை வரைபடத்தில் குறித்துப் பார்த்தார் மருத்துவர் ஜான் ஸ்நோ. பெரும்பாலானவை ஒரே தெருப்பம்பைச் சுற்றி இருந்தன! நோய் தண்ணீரில் வருகிறது என்பதற்கு அது வலுவான சான்று.

சேம்பர்லின் 1869இல் நகரமன்ற உறுப்பினரானார், 1873இல் மேயரானார். அப்போது எரிவாயுவையும் குழாய்நீரையும் தனியார் நிறுவனங்களே விற்றுவந்தன. இரண்டையும் நகரமே வாங்க வேண்டும் என்று வாதாடி வென்றார். நிலக்கரியைக் காற்றுப் புகாத கலத்தில் சூடாக்கினால் எரிவாயு வெளிவரும். தெருவிளக்குகள் அதில்தான் எரிந்தன. எரிவாயுவில் கிடைக்கும் லாபம் ஊருக்குப் பயன்படட்டும், தண்ணீரில் மட்டும் லாபம் பார்க்கக் கூடாது என்பது அவருடைய கொள்கை. 1876 முதல் குடிநீர் நகரத்தின் பொறுப்பானது. கெட்ட கிணறுகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன.

ராபர்ட் காக் கொல்கத்தாவில் ஆராய்ந்து, காலராவுக்குக் காரணமான கிருமியை அறிவித்தது 1884இல்தான். கிருமியின் முகம் தெரியட்டும் என்று பர்மிங்காம் காத்திருக்கவில்லை. நோய் எங்கே, எந்த நீரால் வருகிறது என்ற கணக்கே செயலில் இறங்கப் போதுமானதாக இருந்தது.

பிறகு ஊர் பெருகியது; நீர் போதவில்லை. 1904இல் வேல்ஸ் நாட்டின் ஈலான் பள்ளத்தாக்கிலிருந்து 118 கி.மீ. தூரம் தண்ணீர் கொண்டுவந்தார்கள். வழியில் பம்பு இல்லை! அவ்வளவு தூரத்துக்கும் மொத்தச் சரிவு 52 மீட்டர்தான். கிலோமீட்டருக்கு அரை மீட்டர்கூட இல்லை. புவியீர்ப்பு விசையே நீரை இழுத்து வந்தது. இன்றும் இழுத்து வருகிறது.

உங்கள் வீட்டுக் குடிநீர் எங்கிருந்து வருகிறது? அதை யார் சோதிக்கிறார்கள்? உங்கள் ஊராட்சியிலோ நகராட்சியிலோ கேளுங்கள். கேட்பது உங்கள் உரிமை. கேள்வி கேட்பதுதான் அறிவியலின் முதல் வேலையும்கூட.