மெல்போர்னின் 'பேட்மேன்': ஹீரோவா, கொலைகாரரா? ஒரு குடியேறியின் உண்மைக் கதையை எழுதுவது எப்படி?

பேட்மேன் என்றதும் கறுப்பு முகமூடிதான் ஞாபகத்துக்கு வரும். ஆனால், மெல்போர்ன் கிரிக்கெட் மைதானத்துக்குப் பக்கத்தில் 'பேட்மேன் அவென்யூ' என்றே ஒரு சாலை இருக்கிறது. இது காமிக்ஸ் ஹீரோ இல்லை. 1835-ல் நிலம் தேடி வந்த குடியேறி ஜான் பேட்மேன். ஒரு காலத்தில் நகரத்தை நிறுவியவர் என்று சிலை வைத்துக் கொண்டாடினார்கள். இன்று அவர் பெயரையே எடுக்கிறார்கள். ஒரே ஆளுக்கு எப்படி இரண்டு கதை?

யார் இவர்?

1801-ல் சிட்னி அருகே பாரமட்டாவில் பிறந்தவர். அப்பா, இங்கிலாந்திலிருந்து நாடு கடத்தப்பட்ட கைதி. 1821-ல் வான் டீமன்ஸ் லேண்டுக்கு, அதாவது இன்றைய டாஸ்மேனியாவுக்குப் போனார். 1826-ல் மேத்யூ பிராடி என்ற கொள்ளையனைப் பிடித்துப் பெயர் வாங்கினார். 1839-ல் 38 வயதில் மெல்போர்னில் இறந்தார்.

இதுவரை பிரச்னை இல்லை. சிக்கல் அடுத்த கட்டத்தில்தான்.

பத்திரம் இருந்தால் போதுமா?

1835 ஜூன் 6 தேதியிட்ட ஒப்பந்தப்படி, பழங்குடித் தலைவர்கள் 8 பேர் சுமார் 6 லட்சம் ஏக்கரை பேட்மேனுக்குக் கொடுத்தார்கள். பதிலுக்குப் போர்வை, கத்தி, கோடரி, கண்ணாடி, கைக்குட்டை, மாவு, சட்டை. வருஷா வருஷம் இன்னும் கொஞ்சம் பொருள்கள்.

அசல் ஆவணமே கையில் இருக்கே, அப்புறம் என்ன சந்தேகம்? அந்தப் பத்திரத்தை ஜோசப் கெல்லிபிராண்ட் என்ற வழக்கறிஞர், பயணத்துக்கு முன்பே எழுதிக் கொடுத்துவிட்டார். பேட்மேனுடன் போன பழங்குடியினர் சிட்னி பக்கத்து ஆட்கள். உள்ளூர் மொழி வேறு. நிலத்தை 'விற்பது' என்ற சட்டக் கருத்தை அவர்கள் எப்படி விளக்கியிருக்க முடியும்? தலைவர்களின் கையொப்பக் குறிகளையே சந்தேகிக்கும் ஆய்வாளர்களும் உண்டு.

ஆக, பத்திரம் நமக்குச் சொல்வது பேட்மேன் என்ன விரும்பினார் என்பதை. எதிரே இருந்தவர்கள் என்ன புரிந்துகொண்டார்கள் என்பதை அது சொல்லாது. விருந்தினரைத் தற்காலிகமாக அனுமதிக்கும் 'டாண்டரம்' சடங்காகவே அவர்கள் இதைப் பார்த்திருக்கலாம் என்று சில ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். அந்த ஆகஸ்டிலேயே ஆளுநர் ரிச்சர்ட் போர்க் ஒப்பந்தம் செல்லாது என்று அறிவித்தார். பழங்குடியினரைக் காப்பாற்ற அல்ல. நிலம் முழுக்க பிரிட்டிஷ் அரசுடையது என்பதற்காக.

அவரே எழுதிய கடிதம்

1829 செப்டம்பரில் பென் லோமண்ட் பகுதியில் பழங்குடியினர் முகாமைத் தாக்கியது பேட்மேனின் குழு. காயம்பட்ட இருவரால் நடக்க முடியவில்லை, அதனால் சுட்டுவிட்டேன் என்று மாஜிஸ்திரேட் தாமஸ் ஆன்ஸ்டிக்கு அவரே எழுதினார். எதிரிகள் கிளப்பிய வதந்தி இல்லை இது, சொந்த வாக்குமூலம்.

அன்றைய துணைநிலை ஆளுநர் ஜார்ஜ் ஆர்தர் இரண்டையுமே பதிவு செய்தார்: பழங்குடியினரிடம் பேட்மேனுக்குப் பரிவு உண்டு, அவர் பதில் சொல்ல வேண்டிய கொலைகளும் நிறைய. ஒன்றை மட்டும் எடுத்தால் ஹீரோ கதை அல்லது வில்லன் கதை கிடைக்கும். இரண்டையும் வைத்தால்தான் வாழ்க்கை வரலாறு.

கல்வெட்டையும் நம்பாதீங்க

1881-ல் எழுப்பிய நினைவுத்தூணில், அவர் வந்தபோது அந்த இடம் 'ஆளில்லாமல்' இருந்தது என்று பொறித்தார்கள். ஆளே இல்லை என்றால், ஒப்பந்தத்தில் குறி போட்டது யார்? கல்வெட்டு பேட்மேனைவிட, 1881-ல் அதை வைத்தவர்களின் மனதைத்தான் காட்டுகிறது. 1992-ல் அதைத் திருத்தி இன்னொரு பலகை வைத்தார்கள்.

அப்போ எழுதுபவர் என்ன செய்யணும்?

* ஒவ்வொரு ஆவணத்திடமும் கேளுங்க: யார், எப்போ, யாருக்காக எழுதியது? லாபம் யாருக்கு?
* நிகழ்வு நடந்த காலத்துப் பதிவையும் பல வருஷம் கழித்து வந்த புகழ்ச்சியையும் தனித்தனியா வையுங்க.
* எழுதி வைக்காத தரப்பையும் தேடுங்க. ஒப்பந்தத்தின்போது சிறுவனாக அங்கிருந்ததாகச் சொல்லப்படும் வில்லியம் பராக், பின்னாளில் வுருன்ஜெரி மக்களின் தலைவரானார். அவர் வாய்மொழியாகச் சொன்ன நினைவுகளும் ஆதாரம்தான். அதே கேள்விகளை அவற்றிடமும் கேட்கணும்.
* முரண்பாடு வந்தால் மறைக்காதீங்க. வாசகர் முன்னால் வையுங்க.

இது வெறும் ஏட்டுச் சண்டை இல்லை. மெல்போர்னில் 'பேட்மேன்' என்ற நாடாளுமன்றத் தொகுதி 2019 தேர்தலில் 'கூப்பர்' ஆனது. யோர்ட்டா யோர்ட்டா பழங்குடி உரிமைப் போராளி வில்லியம் கூப்பரின் பெயர் அது. ஆனால் பெயரை மாற்றியதால் 1829-ன் கடிதம் மறைந்துவிடாது. அதை எடுத்துப் படித்து, முழுசாகச் சொல்லும் வேலை எழுதுபவருக்கு இன்னும் இருக்கிறது.