தார்நாகா முதல் பெர்லின் வரை: கைப்பணத்தில் படமெடுத்த பொறியாளர்

புது தில்லி: ஹைதராபாத் நகரின் கிழக்கே, செகந்தராபாதுக்கும் உப்பலுக்கும் நடுவே உள்ளது தார்நாகா. நிஜாம் காலத்தில் இங்கிருந்த தோட்டத்தைச் சுற்றிக் கம்பி வேலியும், அதையொட்டி ஒரு காவல் சாவடியும் இருந்ததால் இந்தப் பெயர் வந்தது என்பார்கள். இன்று ஒரு பக்கம் உஸ்மானியா பல்கலைக்கழக வளாகமும், மறுபக்கம் இந்திய ரசாயனத் தொழில்நுட்பக் கழகம், தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் ஆகியவையும் அமைந்துள்ள பகுதி இது. பல்கலைக்கழகத்தில் பட்டம், அமெரிக்காவில் மேற்படிப்பு, அங்கேயே வேலை என்பது பல பத்தாண்டுகளாக இப்பகுதி மாணவர்கள் பலருக்குப் பழகிப்போன பாதை.

அந்தப் பாதையில் சென்று, பாதி வழியில் திரும்பி வந்தவர் நாகேஷ் குக்குனூர். உஸ்மானியா பல்கலைக்கழகத் தொழில்நுட்பக் கல்லூரியில் வேதிப் பொறியியல் பட்டம் பெற்று 1988-ல் அமெரிக்கா சென்ற அவர், பத்தே ஆண்டுகளில் சொந்தச் சேமிப்பைச் செலவிட்டு ஒரு திரைப்படத்தை எடுத்து வெளியிட்டார். "ஹைதராபாத் ப்ளூஸ்' என்ற அந்தப் படத்துக்கு ஆன செலவு சுமார் ரூ.17 லட்சம். படப்பிடிப்பு நடந்தது 17 நாள்கள்.

பெரிய தயாரிப்பாளர், விநியோகஸ்தர், நட்சத்திரம் என எந்தப் பின்பலமும் இல்லாத ஒருவர், தாமே தயாரிப்பாளராகவும் இயக்குநராகவும் இருந்து படம் எடுத்து, அதைத் திரையரங்குக்கும் கொண்டு செல்ல முடியுமா? கால் நூற்றாண்டுக்கும் மேலான அவரது திரை வாழ்க்கை இந்தக் கேள்விக்குத் தரும் பதில், முழுமையான "ஆம்' என்பதும் அல்ல, "இல்லை' என்பதும் அல்ல.

ஏற்காடு பள்ளி மாணவர்: ஹைதராபாதின் நாராயண்குடாவில் 1967-ல் பிறந்த குக்குனூருக்குத் தமிழகத்துடன் ஒரு தொடர்பு உண்டு. சேலம் மாவட்டம் ஏற்காட்டில் உள்ள மான்ட்போர்ட் பள்ளியின் விடுதி மாணவராக அவர் படித்தார். அந்த அனுபவமே பின்னர் "ராக்ஃபோர்டு' (1999) என்ற அவரது இரண்டாவது படத்துக்கு அடிப்படையாக அமைந்தது. முதல்முறையாக வீட்டைப் பிரிந்து விடுதிக்கு வரும் 13 வயதுச் சிறுவனின் கதை அது.

அமெரிக்காவில் ஜார்ஜியா தொழில்நுட்பக் கழகத்தில் சுற்றுச்சூழல் பொறியியலில் முதுநிலைப் பட்டம் பெற்று, அட்லாண்டா நகரில் ஆலோசகராக அவர் பணியாற்றினார். அங்கு நடிப்பு, இயக்கம் தொடர்பான பயிற்சி வகுப்புகளிலும் சேர்ந்தார். ஊதியத்தில் மிச்சம் பிடித்த பணமே முதல் படத்துக்கு மூலதனம் ஆயிற்று.

அமெரிக்காவில் 12 ஆண்டுகள் வாழ்ந்த இளைஞன் விடுமுறைக்காக ஹைதராபாத் திரும்புகிறான். வீட்டார் பெண் பார்க்கின்றனர். தனது சொந்த ஊரிலேயே தான் அயலவன் ஆகிவிட்டதை அவன் உணர்கிறான். இதுதான் "ஹைதராபாத் ப்ளூஸ்' படத்தின் கதை. ஆங்கிலம், தெலுங்கு, தக்கணி வாடை வீசும் ஹிந்தி ஆகிய மூன்றையும் நகரத்து இளைஞர்கள் எப்படிக் கலந்து பேசுவார்களோ, அப்படியே பாத்திரங்கள் பேசின. நாயகன் வேடத்தை குக்குனூரே ஏற்றார்.

காலமும் கைகொடுத்தது: இப்படம் வெளியான காலமும் முக்கியமானது. தில்லி சாகேத் பகுதியில் இருந்த பழைய அனுபம் திரையரங்கு 1997-ல் நான்கு திரைகள் கொண்ட வளாகமாக மாற்றப்பட்டது. நாட்டின் முதல் "மல்டிப்ளெக்ஸ்' எனப்படுவது அதுதான். ஆயிரம் பேர் அமரும் ஒற்றைத் திரையரங்கில் இருநூறு பேர் வந்தால் அது நஷ்டம். இருநூறு இருக்கைகள் கொண்ட அரங்கிலோ அதே இருநூறு பேர் வந்தால் அரங்கு நிறைந்த காட்சி. சிறிய படங்களுக்கு இந்தக் கணக்கே பெரும் வாய்ப்பாக அமைந்தது.

தேவ் பெனகலின் "இங்கிலீஷ், ஆகஸ்ட்' (1994), கைசாத் குஸ்தாத்தின் "பாம்பே பாய்ஸ்' (1998) ஆகியவற்றுடன் "ஹைதராபாத் ப்ளூஸ்' படமும் சேர, இந்திய ஆங்கிலப் படங்களுக்கும் நகர்ப்புறங்களில் ரசிகர்கள் உண்டு என்பது உறுதியானது. போட்ட முதலுக்கு மேல் பல மடங்கு வசூலித்த படமாக "ஹைதராபாத் ப்ளூஸ்' பேசப்பட்டது.

திரைப்படத் துறைக்குத் தொழில் அந்தஸ்து வழங்கப்படும் என்று மத்திய அரசு அறிவித்ததும் அதே 1998-ல்தான். அதுவரை சினிமாவுக்கு வங்கிக் கடன் என்பது ஏறத்தாழ எட்டாக் கனி. வட்டிக்காரர்களிடமும், விநியோகஸ்தர்கள் தரும் முன்பணத்திலும்தான் தொழில் ஓடியது. பின்னர் வங்கிகளின் கதவு திறந்தபோதும், அந்தக் கடன் பிணையம் காட்டக்கூடிய நிறுவனங்களுக்கே பெரிதும் பயன்பட்டது. முதல் படம் எடுக்க வரும் தனிநபருக்குக் கைச் சேமிப்பும் நண்பர்களின் உதவியுமே துணை என்ற நிலை மாறவில்லை.

ஹைதராபாதின் முன்னோடிகள்: இத்தகைய முயற்சிகளில் ஹைதராபாதுக்கு ஒரு மரபே உண்டு. நகரின் திருமலகிரி பகுதியில் பிறந்து, உஸ்மானியா பல்கலைக்கழகத்தில் பொருளாதாரம் பயின்றவர் ஷியாம் பெனகல். அவரது முதல் படமான "அங்குர்' (1974), தெலங்கானா கிராமத்து நிலவுடைமைக் கொடுமையைச் சித்திரித்தது. "மந்தன்' (1976) படத்துக்கு குஜராத் பால் உற்பத்தியாளர்கள் 5 லட்சம் பேர் தலா ரூ.2 அளித்துத் தயாரிப்பாளர்கள் ஆயினர். மாநிலங்களவையின் நியமன உறுப்பினராக 2006 முதல் 2012 வரை பணியாற்றிய பெனகல், 2024 டிசம்பரில் காலமானார்.

மற்றொருவர் பி. நரசிங்க ராவ். தெலங்கானா ஆயுதப் போராட்டத்தை மையமாகக் கொண்ட "மா பூமி' (1979) படத்தைத் தயாரித்தவர்களில் ஒருவரான அவர், பின்னர் இயக்குநராகி "ரங்குல கல', "தாசி' போன்ற படங்களைத் தந்தார். ஜமீன் மாளிகையில் அடிமைப்பட்டுக் கிடக்கும் பெண்ணாக "தாசி'யில் நடித்ததற்காகச் சிறந்த நடிகைக்கான தேசிய விருதைப் பெற்ற அர்ச்சனா, அதற்கு முந்தைய ஆண்டில் பாலு மகேந்திராவின் "வீடு' படத்துக்காக அதே விருதைப் பெற்றவர் என்பது தமிழ் ரசிகர்களுக்கு நினைவிருக்கும்.

குக்குனூரின் படங்கள் இந்த இருவரின் படங்களைப் போல நிலப் போராட்டம் குறித்துப் பேசவில்லை. எனினும், தொழிலின் மையத்திலிருந்து விலகி நின்று, தான் அறிந்த மண்ணின் கதையைச் சொல்வதில் அவரும் அந்த வரிசையைச் சேர்ந்தவரே.

ஏற்றமும் இறக்கமும்: "பாலிவுட் காலிங்' (2001) படத்தில் ஹிந்தித் திரையுலகையே கிண்டல் செய்த குக்குனூர், "தீன் தீவாரேன்' (2003) படத்தின் மூலம் ஹிந்தியில் அழுத்தமாகத் தடம் பதித்தார். தூக்குத் தண்டனைக் கைதிகள் மூவரைப் பற்றிய இப்படத்துக்காகச் சிறந்த கதைக்கான ஃபிலிம்ஃபேர் விருது அவருக்குக் கிடைத்தது. முதல் படத்திலிருந்தே உடன் பயணித்து வரும் எலாஹி ஹிப்டூலா அவரது படங்கள் பலவற்றின் தயாரிப்பாளர் ஆவார்.

அவரை நாடு முழுவதும் அறியச் செய்தது "இக்பால்' (2005). காது கேளாத, வாய் பேசாத கிராமத்து இளைஞன் இந்திய அணியின் வேகப்பந்து வீச்சாளராக முயலும் கதை. சுபாஷ் கய் நிறுவனம் தயாரித்த இப்படம், சமூகப் பிரச்னைகள் குறித்த படங்களுக்கான பிரிவில் தேசிய விருது பெற்றது. குடிகாரப் பயிற்சியாளராக நடித்த நசிருதீன் ஷாவுக்குச் சிறந்த துணை நடிகர் விருது கிடைத்தது. அடுத்த ஆண்டு வெளியான "டோர்', மலையாளத்தில் கமல் இயக்கிய "பெருமழக்காலம்' படத்தைத் தழுவியது. கணவனை இழந்த ராஜஸ்தான் பெண்ணையும், அந்த மரணத்துக்குக் காரணமானவர் எனக் குற்றம் சாட்டப்பட்டவரின் மனைவியையும் எதிரெதிரே நிறுத்திய இப்படத்தை அவரது சிறந்த படைப்பாகக் கருதுவோர் பலர்.

இந்த வெற்றிகள் பெரிய நட்சத்திரங்களின் கதவைத் திறந்தன. ஆனால், அங்கேதான் சறுக்கலும் நேர்ந்தது. அக்ஷய் குமார் நடித்த "8க்கு10 தஸ்வீர்' (2009) பெரும் எதிர்பார்ப்புடன் வெளியாகித் தோல்வியடைந்தது. ஜான் ஆபிரகாம் நடித்த "ஆஷாயேன்' (2010) படமும் எதிர்பார்த்த வரவேற்பைப் பெறவில்லை. ரூ.17 லட்சம் முதலீட்டில் தவறுவதற்கு இருந்த உரிமை, கோடிக்கணக்கான முதலீட்டில் இருப்பதில்லை. நட்சத்திரத்தின் ஊதியம், விளம்பரச் செலவு, ஒரே நாளில் நூற்றுக்கணக்கான திரைகளில் வெளியீடு என்று ஏறும் செலவை முதல் மூன்று நாள் வசூலிலேயே ஈடுகட்ட வேண்டியுள்ளது. மெல்ல மெல்ல வாய்மொழியாகப் பரவி ஓடும் தன்மை கொண்ட படங்களுக்கு இந்த முறை பொருந்துவதில்லை.

மீண்டும் சிறிய படங்களுக்கே திரும்பினார் குக்குனூர். சிறுமிகளைக் கடத்தி விற்கும் கொடுமையைச் சொன்ன "லட்சுமி' (2014), அமெரிக்காவின் பாம் ஸ்பிரிங்ஸ் விழாவில் பார்வையாளர் விருது பெற்றது. பார்வையற்ற தம்பியை அழைத்துக்கொண்டு நடிகர் ஷாருக் கானைத் தேடி ராஜஸ்தான் பாலைவனத்தில் நடக்கும் சிறுமியின் கதையான "தனக்', 2015 பெர்லின் திரைப்பட விழாவின் சிறுவர் பிரிவில் சர்வதேச நடுவர் குழுவின் முதன்மைப் பரிசை வென்றது.

எனினும், இந்தியத் திரையரங்குகளுக்கு அப்படம் வந்து சேர்ந்தது 2016 ஜூனில்தான். அதாவது, பெர்லினில் பரிசு பெற்று ஓராண்டுக்கும் மேலான பிறகு. 2017 மே 3-ம் தேதி தில்லி விஞ்ஞான் பவனில் நடைபெற்ற 64-வது தேசிய விருது விழாவில் சிறந்த குழந்தைகள் படத்துக்கான விருது "தனக்' படத்துக்கு வழங்கப்பட்டது. தமிழில் "ஜோக்கர்' சிறந்த படமாகத் தேர்வானதும், கவிஞர் வைரமுத்து பாடலாசிரியர் விருது பெற்றதும் அதே விழாவில்தான்.

சட்டமும் வரியும்: பரிசு கிடைப்பதற்கும், திரை கிடைப்பதற்கும் இடையே உள்ள இந்தத் தொலைவே சுயேச்சைத் திரைப்படக் கலைஞர்களின் முதன்மையான பிரச்னை. நாடாளுமன்றமும் மத்திய அரசும் கடந்த சில ஆண்டுகளில் எடுத்த முடிவுகள் இதில் இருவகையாகவும் பாதிப்பை ஏற்படுத்தியுள்ளன.

தணிக்கை வாரியத்தின் முடிவை எதிர்த்து முறையிடுவதற்கான மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 2021-ல் கலைக்கப்பட்டது. இப்போது உயர் நீதிமன்றத்தைத்தான் நாட வேண்டும். பெரிய நிறுவனத்துக்கு இது மற்றுமொரு வழக்கு. வட்டிக்குப் பணம் வாங்கிய தனிநபருக்கோ இது காலமும் பணமும் கரையும் சோதனை. குழந்தைகள் திரைப்படச் சங்கம், திரைப்படப் பிரிவு உள்ளிட்ட அமைப்புகள் 2022-ல் தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டன. 1955 முதல் குழந்தைகள் படங்களுக்கென்றே இயங்கி வந்த அமைப்பு தனித்த அடையாளத்தை இழந்தது.

அதேநேரத்தில், 2023 ஜூலையில் இரு அவைகளும் நிறைவேற்றிய ஒளிப்பதிவு திருத்தச் சட்டம், திருட்டுப் பதிவுக்கு 3 மாதம் முதல் 3 ஆண்டுகள் வரை சிறைத் தண்டனைக்கு வகை செய்தது. தணிக்கைச் சான்றிதழின் 10 ஆண்டு வரம்பும் நீக்கப்பட்டது. பெற்றோர் வழிகாட்டுதலுடன் பார்க்கும் படங்கள் 7, 13, 16 வயது எனத் தரம் பிரிக்கப்பட்டன. வயதுவாரியாகப் பிரிக்க வேண்டும் என்று 2016-ல் பரிந்துரைத்த குழுவின் தலைவர் ஷியாம் பெனகல் என்பது குறிப்பிடத்தக்கது.

சரக்கு மற்றும் சேவை வரியோ படத்தின் அளவைப் பார்ப்பதில்லை. நுழைவுச் சீட்டின் விலையை மட்டுமே பார்க்கிறது. 2025 செப்டம்பரில் ரூ.100 வரையிலான சீட்டுக்கு வரி 5 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. ஆனால், சிறிய படங்களுக்குப் புகலிடமாக இருந்த மல்டிப்ளெக்ஸ்களில் பல சீட்டுகள் அந்த வரம்பைத் தாண்டியவை. அவற்றுக்கு 18 சதவீதம் தொடர்கிறது. எந்தப் படத்துக்கு எந்த நேரத்தில் காட்சி என்பதை முடிவு செய்வது திரையரங்குகளே. காலை பத்து மணிக் காட்சி மட்டும் கிடைத்த படம், ஒரு வாரத்தில் "ஆளில்லை' என்ற காரணத்தால் எடுக்கப்படுவது வழக்கமாகிவிட்டது.

சின்னத்திரைக்கு: இந்த நெருக்கடியில் குக்குனூர் கண்ட வழி இணையத் தொடர்கள். மகாராஷ்டிர அரசியல் குடும்பம் ஒன்றின் வாரிசுச் சண்டையைச் சொன்ன "சிட்டி ஆஃப் ட்ரீம்ஸ்', 2019 முதல் 2023 வரை மூன்று பருவங்கள் வெளியானது. ஸ்ரீபெரும்புதூரில் 1991 மே 21-ல் முன்னாள் பிரதமர் ராஜீவ் காந்தி படுகொலை செய்யப்பட்டதையும், அதன் புலனாய்வையும் விவரிக்கும் "தி ஹன்ட்' 2025 ஜூலையில் வெளியானது.

இடையில், கீர்த்தி சுரேஷ் துப்பாக்கி சுடும் வீராங்கனையாக நடித்த "குட் லக் சகி' 2022 ஜனவரியில் வெளியானது. தெலுங்கில் குக்குனூர் இயக்கிய முதல் படம் இதுவே. ஹைதராபாதில் பிறந்து, ஹைதராபாத் கதையுடன் அறிமுகமான இயக்குநர், தாய்மொழியில் முழுநீளப் படம் எடுக்க 24 ஆண்டுகள் ஆயின. கரோனா மூன்றாவது அலையின்போது வெளியான அந்தப் படம் வெற்றி பெறவில்லை.

இணையத் தொடரில் ஊதியம் உறுதி. திரையரங்கைத் தேடி அலைய வேண்டியதில்லை. ஆனால், உரிமை தயாரிப்பு நிறுவனத்துக்கும் ஒளிபரப்பும் தளத்துக்கும் சென்றுவிடுகிறது. சொந்தப் பணத்தைப் போட்டு, லாபமோ நஷ்டமோ தன்னுடையது என்று 1998-ல் இருந்த நிலை அல்ல அது.

படமெடுக்கும் கருவி இன்று மாணவர்களின் சட்டைப்பையிலேயே இருக்கிறது. ஃபிலிம் சுருளுக்கும், ஒவ்வோர் அரங்குக்குமான பிரதிக்கும் செலவிட வேண்டிய காலம் போய்விட்டது. தார்நாகா மெட்ரோ நிலையத்தில் இறங்கிப் பல்கலைக்கழகத்துக்கு நடக்கும் ஒரு மாணவரால், குக்குனூர் செலவிட்டதைவிடக் குறைவான தொகையில் ஒரு படத்தை முடித்துவிட முடியும். அந்தப் படத்துக்கு மாலை ஆறு மணிக் காட்சி ஒன்றைப் பெற்றுத் தர இன்னும் ஒரு வழி பிறக்கவில்லை என்பதே உண்மை நிலை.