விபத்தும் விஷக்கடியும்: காரணத்தைப் பதியும் முறை

அம்பாசமுத்திரம் தாலூகாவில் நதியுண்ணிக் கால், கன்னடியன் கால் ஆகியவற்றின் பாசன வயல்களில் உழைப்போருக்கு நேரிடும் ஆபத்துக்கள் பல. பனையினின்று தவறி விழுதல், கதிரடிக்கும் இயந்திரத்திற் கை அகப்படுதல், பூச்சிமருந்து உடலில் ஏறுதல், வரப்பிலே பாம்பு தீண்டுதல் முதலியன இவற்றுள் முக்கியமானவை. இவ்வாறு துன்புற்றவரைப்பற்றி ஆஸ்பத்திரிக் குறிப்பிலும் கிராமப் பதிவிலும் எழுதப்படும் ஒரு வரி எத்துணைப் பயனுடைய தென்பதைப் பலர் இன்னும் நன்குணரவில்லை.

காயத்தைக் குறிப்பது வேறு; காயம் நேர்ந்த காரணத்தைக் குறிப்பது வேறு. 1893-ல் பெர்ட்டியோன் என்னும் பிரெஞ்சு அறிஞர் வகுத்த மரணக் காரணப் பட்டியல் பலமுறை திருத்தப்பெற்று, இன்று சர்வதேச நோய்ப் பாகுபாடாக விளங்குகின்றது. 1948-ல் வந்த ஆறாந் திருத்தத்தில் காயத்தின் தன்மைக்கு ஒரு வரிசையும் வெளிக்காரணத்துக்கு மற்றொரு வரிசையும் தனித்தனியே வகுக்கப்பட்டன. 2022-ல் பதினோராந் திருத்தம் அமலுக்கு வந்துள்ள போதிலும், 1990-ல் ஏற்கப்பெற்ற பத்தாந் திருத்தத்தின் குறிகளே ஆஸ்பத்திரிகளிற் பழகியவையாதலால் அவையே இங்கு எடுத்துக்காட்டப்படுகின்றன.

பனையினின்று விழுந்து மண்டை யுடைந்து ஒருவர் இறந்தால், ‘தலைக்காயம்’ என்று மட்டும் எழுதுவது பாதி உண்மையே. மரத்தினின்று விழுதலுக்கு டபிள்யூ 14 என்னும் தனிக்குறி உண்டு. மரணக் கணக்கில் அடிப்படைக் காரணமாகக் கொள்ளப்படுவது அதுவேயன்றி மண்டையுடைவு அன்று. டிராக்டர் ஓடும்போது கவிழ்ந்து ஓட்டுபவர் காயமுற்றால் வி 84; அதே டிராக்டர் நின்றவண்ணம் கதிரடிக்க, அதன் சுழல்தண்டில் வேட்டி சிக்கினால் டபிள்யூ 30. வேறுபாடு அற்பமாகத் தோன்றலாம். ஆயினும் தண்டுக்கு மூடி வேண்டுமா, பாதைக்குக் கரை வேண்டுமா என்பதை இதுவே காட்டுகின்றது.

பாம்புக்கடி விஷயத்திலேதான் குழப்பம் மிகுதி. நல்லபாம்பு, கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன் ஆகியவை கடித்தால் பெரும்பாலும் தெரிந்துவிடும். கட்டுவிரியனோ இரவில், தரையிற் படுத்துறங்குவோரைக் கடிப்பது. வலியும் வீக்கமும் பெரும்பாலும் இரா. பற்குறியும் புலப்படாமற் போகலாம். விடியுமுன் வயிற்றுவலியும் வாந்தியும், பின்னர்க் கண்ணிமை சரிதலும் மூச்சுத் தடையும் உண்டாகும். களத்துக் காவலுக்குப் படுத்தவன் காலையில் வயிற்றுவலி யென்று சொல்லி மாண்டால், ‘வயிற்றுவலி’ என்றோ ‘மாரடைப்பு’ என்றோ பதிவாகிவிடுகின்றது. உண்மையில் அது நஞ்சின் விளைவுக்கு டி 63.0 என்றும், காரணத்துக்கு எக்ஸ் 20 என்றும் வரவேண்டியது. எக்ஸ் 20-ஐ அடுத்து, நேர்ந்த இடம் வீடாயின் 0, பண்ணையாயின் 7 என்னும் இலக்கமுஞ் சேரும். (இத்தகைய குறிகளைக் கண்டால் கட்டுவதிலும் கீறுவதிலும் காலம் போக்காது உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுசெல்லல் வேண்டும்.)

இத்தவறு சிறிதன்று. இறந்தோரின் உறவினரை நேரில் வினாவி நடத்தப்பெற்ற ஆராய்ச்சியொன்று, 2000 முதல் 2019 வரை இந்தியாவிற் பாம்புக்கடியால் ஏறக்குறைய 12 லட்சம் பேர், அதாவது ஆண்டுக்குச் சராசரி 58,000 பேர் மாண்டனரென மதிப்பிட்டது. சர்க்கார் அறிக்கைகளிற் கண்ட தொகையோ இதில் மிகச் சிறு பங்கே. 2024 நவம்பரில் தமிழ்நாட்டரசு பாம்புக்கடியை அவசியம் அறிவிக்கவேண்டியதாக விதித்ததற்கும், விஷமுறிவு மருந்தை எங்கே எவ்வளவு வைப்பதென்பதற்குச் சரியான கணக்கு வேண்டியிருந்ததே காரணம்.

பூச்சிமருந்து நஞ்சிலோ காயத்தின் தன்மை எவ்வாறாயினும் டி 60 ஒன்றே. தற்செயலாயின் எக்ஸ் 48, தானே அருந்தியதாயின் எக்ஸ் 68, தெளியாததாயின் ஒய் 18. குடும்பத்தார் அச்சத்தாலும் வெட்கத்தாலும் கதையை மாற்றிச் சொல்வது இயல்பே. எனினும் மருந்தின் பெயரை மறைப்பதால் சிகிச்சையே தவறிப்போகக் கூடும்; டப்பாவையும் கையோடு கொண்டுபோதல் நன்று.

பிரேத பரிசோதனைக்கு அஞ்சி விபத்தை இயற்கை மரணமெனச் சொல்லிவிடுவோர் பின்னர் வருந்துகின்றனர். உழவர் பாதுகாப்புத் திட்டத்தில் இயற்கை மரணத்துக்கு வழங்குவதினும் விபத்து மரணத்துக்குரிய உதவித்தொகை அதிகம்; ஆதாரக் காகிதமின்றி அது கிட்டாது. ஆதலின் மிராசுதார்கள், தங்கள் பண்ணையாளுக்கு ஆபத்து நேர்ந்தால், எங்கே, எந்நேரத்தில், என்ன வேலையில், எதனால் என்னும் நான்கையும் உடன்சென்று வைத்தியரிடம் சொல்லுதல் வேண்டும். எழுதுகிறவர் அறிந்ததையே எழுத முடியும்.

கர்ணம், மணியம் ஆகிய பரம்பரை உத்தியோகங்கள் 1980-ல் ஒழிந்தபின் கிராமத்து மரணப் பதிவு கிராம நிர்வாக அலுவலர் பொறுப்பிலுள்ளது. 1969-ஆம் வருடத்துச் சட்டப்படி 21 நாட்களுக்குள் மரணம் அறிவிக்கப்படவேண்டும். வைத்தியரின் சான்றிதழ் இருந்தால் அதிலுள்ள காரணத்தை அப்படியே பெயர்த்தெழுதுக. வீட்டில் நேர்ந்த மரணமாயின் ‘திடீர் மரணம்’, ‘காயம்’ என முடித்துவிடாது மேற்கூறிய நான்கையும் கேட்டெழுதுக. முன்னரே பிழையாகப் பதிந்திருப்பின் அச்சட்டத்தின் 15-ஆம் பிரிவின்படி திருத்தம் பெறலாம். அதற்கு ஆஸ்பத்திரிக் குறிப்பின் நகலை இணைத்துப் பதிவாளரிடம் விண்ணப்பிக்க வேண்டும்.