மனதுருகினாரா, கோபப்பட்டாரா?

மாற்கு 1:41. ஒரு தொழுநோயாளி இயேசு முன்னாடி முழங்கால் போட்டு, உமக்கு மனசிருந்தா என்னைச் சுத்தமாக்க முடியும்னு கெஞ்சுறான். அவர் கை நீட்டித் தொடுகிறார், அவன் குணமாகிறான். சண்டே ஸ்கூல் போனவங்களுக்கு மனப்பாடம். தொடுவதற்கு முன்னாடி தமிழ் பைபிளில் 'மனதுருகி' என்று ஒரு சொல் வரும். வில்லங்கம் அதில்தான்.

கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக நூலகத்தில் 'கோடெக்ஸ் பெசே' என்று ஒரு தோல் சுவடி இருக்கு. கி.பி. 400 வாக்கில் எழுதினது. தியோடர் பெசா என்ற இறையியலாளர் 1581-ல் கொடுத்தது. இடது பக்கம் கிரேக்கம், வலது பக்கம் லத்தீன். நெட்டிலேயே பார்க்கலாம் (அசைன்மெண்ட் கழுத்தை நெரிக்கும் ராத்திரியில்தான் எனக்கு இதெல்லாம் தேடத் தோணும் :-)). அதில் இந்த இடத்தில் 'ஓர்கிஸ்தெயிஸ்'னு இருக்கு. அதாவது 'கோபங்கொண்டு'. லத்தீன் பக்கத்திலும் அதே கோபம்தான்.

மற்ற கிரேக்கச் சுவடிகளில் கிட்டத்தட்ட எல்லாத்திலும், இதைவிடப் பழைய வத்திக்கான், சினாய் சுவடிகளிலும்கூட, 'ஸ்ப்ளாங்க்னிஸ்தெயிஸ்'. குடல், ஈரல் மாதிரி உள்ளுறுப்புகளுக்கான சொல்லிலிருந்து வந்தது. பெத்த வயிறு பதறுதுன்னு சொல்றோமே, அந்த மாதிரி.

ஓட்டு எண்ணினா கோபம் டெபாசிட் இழந்துடும். ஆனா சுவடி ஆராய்ச்சியில் தலை எண்ணினா மட்டும் போதாது. பிரதி எடுத்தவர் எதை எதுவா மாத்தியிருப்பார்னு கேட்கணும். கோபப்பட்டார்னு பார்த்து நெளிஞ்சு, மனதுருகினார்னு திருத்தியிருக்கலாம். யாராவது தலைகீழா செய்வாங்களா? இன்னொண்ணு, மத்தேயுவும் (8:3) லூக்காவும் (5:13) இதே கதையைச் சொல்லும்போது இந்த உணர்ச்சியையே விட்டுட்டாங்க. மாற்கு 6:34-ல் வரும் இரக்கத்தை மத்தேயு 14:14-ல் அப்படியே வெச்சிருக்கார். அப்போ இங்கே மட்டும் ஏன் விடணும்?

மறுப்பும் சாதாரணமில்லை. 3:5-ல் இயேசு வெளிப்படையாவே கோபப்படுகிறார், அதை யாரும் திருத்தலையேன்னு புரூஸ் மெட்ஸ்கர் கேட்டார். நியாயமான கேள்வி. ஆனா அங்கே கோபம் கல்நெஞ்சுக்காரங்க மேல. இங்கே எதிரே இருக்கறது கெஞ்சுற நோயாளி. நெளிய வைக்கறது இந்தக் கோபம்தான். 2011-ல் வந்த என்.ஐ.வி. ஆங்கில மொழிபெயர்ப்பு கோபத்தையே எடுத்துக்கிச்சு. என் ஓட்டும் அதுக்குத்தான்.

சரி, யார் மேல கோபம்? நோய் மேலங்கிறாங்க சிலர். அவனோட 'மனசிருந்தா' மேலங்கிறாங்க சிலர். எனக்கு லேவியராகமம் 13 ஞாபகம் வருது. தொழுநோயாளி துணியைக் கிழிச்சுக்கிட்டு, தீட்டு தீட்டுன்னு தானே கத்திக்கிட்டு, பாளையத்துக்கு வெளியே தனியா கிடக்கணும். அப்படி வாழ்ந்தவன் 'முடியுமா'ன்னு கேட்கலை, 'மனசிருக்கா'ன்னுதான் கேட்கிறான். தன்னைத் தொட யாருக்கும் மனசு வராதுன்னு அவனுக்குப் பழகிப்போச்சு. அதைக் கேட்டா கோபம் வராதா?

குணமானவனை 43-ஆம் வசனத்தில் கடுமையா எச்சரிச்சு அனுப்புகிறார். அங்கே இருக்கும் கிரேக்கச் சொல் குதிரை சீறுவதற்கும் வரும். மனதுருகினவர் ரெண்டே வசனத்தில் ஏன் இப்படிச் சீறணும்னு உரைகாரர்கள் பக்கம் பக்கமா விளக்கம் சொல்றாங்க. 'கோபங்கொண்டு'ன்னு படிச்சுப் பாருங்க, 43 தானா வந்து உட்காரும்.