பாட்டனார் கட்டிய பள்ளிக்கூடம்

மானிப்பாய் ஆ. முத்துத்தம்பிப்பிள்ளை 1902ஆம் ஆண்டில் அபிதான கோசத்தை வெளியிட்டார். அதில் ஒரு செய்தி பக்கச்சார்பாகத் தோன்றினால் யாரைக் கேட்பதென்று வாசகர் அறிவர், நூலாசிரியர் ஒருவரே. 2003இல் தொடங்கிய தமிழ் விக்கிப்பீடியாவிலோ எவரும் எழுதலாம், புனைபெயரிலும் எழுதலாம்.

சென்ற தவணையில் எம் மாணவர் ஒருவர், தம் ஊர்ப் பாடசாலையைப் பற்றி அங்குள்ள குறுங்கட்டுரையை விரித்தெழுதி வந்து காட்டினார். 'ஈடிணையற்ற', 'தன்னலங்கருதாத' என வரிக்கு வரி அடைமொழி. பாடசாலையை நிறுவியவர் தம் பாட்டனார் என்பதை மட்டும் எங்கும் சொல்லவில்லை!

எழுதுவோரின் சொந்த நலன் உண்மைக்குக் குறுக்கே நிற்கும் இந்நிலையை 'நலமுரண்' என்பர். விக்கிப்பீடியாவைத் தோற்றுவித்தோருள் ஒருவரான ஜிம்மி வேல்சே தம்மைப் பற்றிய கட்டுரையைத் தாமே திருத்தி, 2005இல் அது வெளிப்பட, வருந்த நேர்ந்தது. கூலிக்கு எழுதுவோர் அதனைத் தெரிவிக்கவேண்டுமென்று 2014இல் விதி செய்தனர்.

ஆயின், உறவினர் எழுதலாகாதெனில் எம் ஊர்களைப் பற்றி எழுத யார் எஞ்சுவர்? யாழ்ப்பாணத்திலே சுற்றிவளைத்துப் பார்த்தால் எல்லோரும் மைத்துனர்மாரே. பழைய மலர்களும் கடிதங்களும் வீட்டுப் பெட்டகங்களில் அல்லவா கிடக்கின்றன? ஆகவே எழுதாதே என்று சொல்ல எமக்கு மனம் வரவில்லை. கட்டுரைக்குரிய பேச்சுப் பக்கத்தில் உறவை வெளிப்படையாகக் கூறி, அச்சான சான்றுகளைக் காட்டி, சேர்ப்பதைப் பிறர் கையில் விடுமாறு சொன்னோம். மாணவர் முகம் வாடிற்று.

இரண்டு கிழமைக்குப் பின் மீண்டும் வந்தார். பாட்டனார் பெயர் நின்றது, அடைமொழிகள் நிற்கவில்லை. காணி கொடுத்த இன்னொருவரின் பெயரையும் யாரோ சான்றுடன் சேர்த்திருந்தனர். அது அவர் வீட்டாரே மறந்துபோன செய்தியாம்.