நோயாளியிடமிருந்து தொடங்கும் பாடம்

கம்பம் பள்ளத்தாக்கின் ஊர்களிலிருந்து நாள்தோறும் விடியற்காலையில் தொழிலாளர்கள் ஜீப்புகளில் ஏறி, மலைக்கு அப்பாலுள்ள ஏலக்காய்த் தோட்டங்களுக்குச் செல்கின்றனர். அவர்களுள் ஒரு பெண்ணுக்கு ஆறு நாள்களாகக் கடுங்காய்ச்சலும் தலைவலியும் இருப்பதாகக் கொள்வோம். மலேரியா, டெங்கு ஆய்வுகளில் எதுவும் தென்படவில்லை. இச்செய்தியை மட்டும் எட்டு மருத்துவ மாணவர்களிடம் கொடுத்து, "அடுத்து என்ன கேட்பீர்கள்?" என்று ஆசிரியர் வினவுகிறார். இவ்வாறு கற்பிப்பதைச் சிக்கல்வழிக் கற்றல் என்பர்.

உடற்கூறியல், உடலியங்கியல் ஆகியவற்றை முதலில் கற்று, நோயாளியைப் பின்னர்க் காண்பது பழைய வழக்கம். கனடாவின் மெக்மாஸ்டர் பல்கலைக்கழகம் 1969ஆம் ஆண்டு தொடங்கிய மருத்துவப் படிப்பில் இவ்வரிசையை மாற்றியது. அங்குச் சிக்கல் முன்னே வந்தது. நூல் அதனைப் பின்தொடர்ந்தது.

எட்டு மாணவர்களும் தமக்குத் தெரிந்தவற்றையும் தெரியாதவற்றையும் எழுதிக்கொள்கின்றனர். நூலகம் சென்று படித்து மீண்டும் கூடுகின்றனர். "அவர் என்ன வேலை செய்கிறார்?" என்று ஒரு மாணவி கேட்கிறார். அங்கே திருப்பம் நிகழ்கிறது. புதர்களில் வாழும் சிற்றுண்ணியின் இளம்பருவம் கடிப்பதால் 'ஸ்க்ரப் டைபஸ்' என்னும் உண்ணிக் காய்ச்சல் உண்டாகிறது. கடித்த இடத்தில் சிலருக்குக் கருநிறப் பொருக்கு தோன்றும். அது வலிப்பதில்லை, அக்குளிலோ இடுப்பிலோ மறைந்திருக்கும். ஆதலால் நோயாளி அதனைச் சொல்லமாட்டார். மருத்துவரே தேடிக் காணவேண்டும். உரிய காலத்தில் அறிந்தால் டாக்சிசைக்ளின் மாத்திரையே போதும். பென்சிலின் வகை மருந்துகள் இந்நோய்க்குப் பயன்படா. காலம் தாழ்ந்தால் நுரையீரலும் சிறுநீரகமும் மூளையும் தாக்கப்பட்டு உயிருக்கே ஊறு நேரும்.

நோயின் பெயரை மனப்பாடம் செய்தவருக்கும் இவ்வினா தோன்றாமற் போகலாம். எனினும் இம்முறை எளிதன்று. விடை தெரிந்தும் வாய் திறவாமல் அமர்ந்திருப்பது ஆசிரியருக்குக் கடினம்! சிறு குழுக்களாகக் கற்பிக்க ஆசிரியர் பலர் வேண்டும். அடிப்படைப் பாடங்களில் இடைவெளி விழும் என்னும் கவலையும் புறந்தள்ளத்தக்கதன்று. இந்தியாவில் 2019இல் நடைமுறைக்கு வந்த புதிய மருத்துவப் பாடத்திட்டம், விரிவுரைகளைக் கைவிடாமலேயே முதலாண்டு மாணவரை நோயாளியின் அருகில் கொண்டுவருகிறது.

தேனியிலும் ஓர் அரசு மருத்துவக் கல்லூரி உள்ளது. அதனைச் சூழ்ந்த மாவட்டத்தில் இத்தகைய சிக்கல்களுக்குக் குறைவில்லை. திராட்சைத் தோட்டத்தில் பூச்சிமருந்து தெளித்தவர் மிகுந்த வியர்வையும் உமிழ்நீர்ப் பெருக்குமாக வருகிறார். அவர்தம் கண்மணிகள் ஊசிமுனையளவாகச் சுருங்கியிருக்கின்றன. அடுத்த குழுவின் மாணவர்களுக்கு அவரே பாடம்.