புகை குறைக்கும் பெருங்கலம்

நுழையும்முன்

காற்றை நம்பிப் பாய்விரித்த கப்பல்கள் பின்னர் நிலக்கரிக்கும், அதன்பின் எண்ணெய்க்கும் மாறின. எரிபொருள் மாறியபோதெல்லாம் கப்பலின் அமைப்பும் மாறியது. மாசு குறைந்த எரிபொருளைத் தேடும் முயற்சி இன்று மீண்டும் ஒரு மாற்றத்தைத் தொடங்கி வைத்துள்ளது. அம்மாற்றத்தில் உருவான ஒரு பெருங்கலத்தை அறிமுகம் செய்கிறது இக்கட்டுரை.

கடல்வழியும் காற்று மாசும்

உலக வணிகப் பொருள்களில் ஐந்தில் நான்கு பங்குக்கும் மேற்பட்டவை கடல்வழியே செல்கின்றன. ஒரு டன் சரக்கை நெடுந்தொலைவு கொண்டுசெல்ல, வானூர்தியையும் சரக்குந்தையும் விடக் கப்பலுக்கே குறைந்த எரிபொருள் போதும். எனினும், கப்பல்களின் எண்ணிக்கை மிகுதி. ஆகவே, மனிதச் செயல்களால் வெளியாகும் பசுமைக்குடில் வாயுக்களில் ஏறத்தாழ 3 விழுக்காடு கப்பல்களிலிருந்து வருகிறது.

கப்பல்கள் நெடுங்காலமாகப் பயன்படுத்திவருவது கச்சா எண்ணெயைச் சுத்திகரித்தபின் எஞ்சும் கெட்டியான எண்ணெயாகும். இது விலை குறைந்தது. ஆனால், கந்தகம் மிகுந்தது. கந்தகம் எரியும்போது உண்டாகும் கந்தக டை ஆக்சைடு அமில மழைக்கும் மூச்சுக்குழல் நோய்களுக்கும் காரணமாகிறது. எனவே, கப்பல் எரிபொருளில் 3.5 விழுக்காடுவரை இருக்கலாம் எனக் கொள்ளப்பட்ட கந்தகத்தின் அளவை, பன்னாட்டுக் கடல்சார் அமைப்பு 2020 ஜனவரி 1 முதல் 0.5 விழுக்காடாகக் குறைத்தது.

ஜாக் சாதே

இச்சூழலில் பிரான்சு நாட்டின் மார்சே நகரைத் தலைமையிடமாகக் கொண்ட சி.எம்.ஏ. சி.ஜி.எம். நிறுவனம், தன் புதிய பெருங்கப்பல்களைத் திரவ இயற்கை எரிவாயுவால் இயக்க 2017இல் முடிவுசெய்தது. அவற்றுள் முதலாவது கப்பல் சீனாவின் ஷாங்காய் நகரில் கட்டப்பட்டு, 2020 செப்டம்பரில் பணிக்கு வந்தது. நிறுவனத்தைத் தோற்றுவித்த ஜாக் சாதேயின் பெயர் அதற்குச் சூட்டப்பட்டது.

கப்பலின் நீளம் 400 மீட்டர். அகலம் 61 மீட்டர். ஈஃபில் கோபுரத்தைக் கிடத்தினால்கூட அது இக்கப்பலின் நீளத்துக்கு எட்டாது. இருபது அடி நீளமுள்ள சரக்குப்பெட்டகங்கள் ஏறத்தாழ 23,000 இதில் அடங்கும். அவற்றை ஒன்றன்பின் ஒன்றாக வைத்தால் வரிசை சுமார் 140 கிலோமீட்டர் நீளும்.

குளிரைக் காக்கும் கலை

இயற்கை எரிவாயுவின் பெரும்பகுதி மீத்தேன். வாயு நிலையில் அது மிகுந்த இடத்தை அடைத்துக்கொள்ளும். பூச்சியத்துக்குக் கீழே 162 டிகிரி செல்சியஸ் அளவுக்குக் குளிர்வித்தால் அது திரவமாகி, அதன் கன அளவு ஏறத்தாழ 600இல் ஒரு பங்காகச் சுருங்கும். அப்போதும், அதே ஆற்றலைத் தரும் எண்ணெயைவிட ஏறத்தாழ இருமடங்கு இடம் அதற்குத் தேவை. இக்கப்பலின் எரிபொருள் தொட்டி 18,600 கன மீட்டர் கொள்ளளவு உடையது.

இத்தகைய கடுங்குளிரில் சாதாரண எஃகு நொறுங்கும் தன்மை அடையும். ஆகவே, தொட்டியின் உட்புறம் மெல்லிய துருப்பிடிக்காத எஃகுத் தகடுகளால் ஆனது. குளிரில் உலோகம் சுருங்கும்போது விரிசல் ஏற்படாதவாறு, அத்தகடுகள் நெளிவுகளுடன் செய்யப்பட்டுள்ளன. தகடுகளுக்குப் பின்னால் உள்ள நுரைப்பொருள் அடுக்கு வெளிவெப்பத்தைத் தடுக்கிறது. அதையும் மீறிச் சிறிதளவு வெப்பம் உட்புகத்தான் செய்யும். அதனால் ஆவியாகும் வாயு வீணாவதில்லை, அதுவும் எரிபொருளாகிறது.

எந்திரத்தினுள் வாயு காற்றுடன் கலந்து அழுத்தப்படுகிறது. மிகச் சிறிதளவு டீசல் அக்கலவையைப் பற்றவைக்கிறது. தேவை ஏற்பட்டால் முழுவதும் எண்ணெயாலும் இயங்கவல்லது என்பதால் இது இரட்டை எரிபொருள் எந்திரம் எனப்படுகிறது.

நன்மையும் குறையும்

திரவ இயற்கை எரிவாயுவில் கந்தகம் இல்லை எனலாம். அதனால் புகையில் கந்தக டை ஆக்சைடும் நுண்துகள்களும் பெரிதும் குறைகின்றன. துறைமுகத்தை அடுத்து வாழும் மக்களின் மூச்சுக்காற்றுக்கு இது நேரடி நன்மை. புகைப்போக்கி வழியே வெளியேறும் கார்பன் டை ஆக்சைடும் எண்ணெயைவிட ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைகிறது.

ஆனால், எந்திரத்தினுள் எரியாமல் எஞ்சும் மீத்தேன் சிறிதளவு புகையுடன் வெளியேறுகிறது. வாயுவை எடுக்கும் கிணறுகளிலும் அதைக் கொண்டுசெல்லும் குழாய்களிலும் கசிவு உண்டு. இருபது ஆண்டுக்காலக் கணக்கில், மீத்தேன் கார்பன் டை ஆக்சைடைவிட எண்பது மடங்குக்கும் மேலாகப் புவியை வெப்பமாக்கவல்லது. எனவே, கசிவு மிகுந்தால் ஐந்தில் ஒரு பங்கு என்னும் பயன் கரைந்துபோகும். புகையின் கறுப்பைக் கண் காணும். மீத்தேனுக்கோ நிறமும் இல்லை, மணமும் இல்லை. அதைக் கருவிகளால் அளந்தே அறியவேண்டும்.

இனிவரும் வழி

பசுமைக்குடில் வாயுக்களின் நிகர வெளியேற்றத்தை 2050ஆம் ஆண்டையொட்டிச் சுழியமாக்கக் கப்பல்துறை உறுதிபூண்டுள்ளது. புதைபடிவ எரிவாயுவைக் கொண்டு மட்டும் அவ்விலக்கை எட்ட இயலாது. கழிவுகளிலிருந்து பெறும் உயிரிமீத்தேனை இதே தொட்டியில் நிரப்பி இதே எந்திரத்தில் எரிக்கலாம் என்பது இக்கப்பலுக்குள்ள வாய்ப்பு. மெத்தனாலால் இயங்கும் கப்பல்களும் கடலில் இறங்கிவிட்டன.

ஒரு கப்பல் இருபது, இருபத்தைந்து ஆண்டுகள் உழைக்கும். இன்று தேர்ந்தெடுக்கும் எரிபொருளின் விளைவை அடுத்த தலைமுறையும் சுவாசிக்கும். ஆகவே, ஓர் எரிபொருளைத் தூய்மையானது என ஏற்குமுன், கிணறு முதல் புகைப்போக்கி வரை அதன் முழுப் பயணத்தையும் அளந்து பார்ப்பதே அறிவியல் நோக்காகும்.

கற்பவை கற்றபின்...

உங்கள் இல்லத்திலும் ஊரிலும் பயன்படும் எரிபொருள்களைப் பட்டியலிட்டு, அவற்றின் நன்மைகளையும் குறைகளையும் வகுப்பில் கலந்துரையாடுக.